வீடியோ ஓட்ட எந்த லைப்ரரி? டெஸ்க்டாப் மென்பொருளுக்கு ஐந்து வழிகள்

டெஸ்க்டாப் ஆப்புக்குள் வீடியோ ஓட வேண்டும். வீடியோ ஓட்டும் ஆயத்த நிரல் தொகுப்புகளான (லைப்ரரி) லிப்விஎல்சி போடலாமா, லிப்எம்பிவி போடலாமா, இயங்குதளமே தருவதை வைத்துச் சமாளித்துவிடலாமா? வாசகர்களிடமிருந்து இந்தக் கேள்வி வந்துகொண்டே இருக்கிறது. கேட்பவர்கள் கையில் பெரும்பாலும் ஒரு பட்டியலும் இருக்கும்: எது எம்கேவி ஓட்டும், எது எச்.265 ஓட்டும், எது பழைய ஏவிஐ கோப்புகளை ஓட்டும் என்று. அந்தப் பட்டியலை முதலில் ஓரமாக வைத்துவிடுங்கள்.

காரணம் இதுதான். லிப்விஎல்சி, லிப்எம்பிவி, ஜிஸ்ட்ரீமரின் லிப்ஏவி செருகுநிரல் என எதைத் திறந்து பார்த்தாலும், அடியில் பெரும்பாலான டிகோடிங் வேலையை (சுருக்கிய வீடியோவை விரித்துப் படமாக்குவது) செய்வது எஃப்எஃப்எம்பெக் திட்டத்தின் லிப்ஏவிகோடெக் என்ற ஒரே லைப்ரரி. ஆப்புகள் எழுதும் கருவித்தொகுப்பான க்யூடியின் மல்டிமீடியா பகுதியும் 2023-ல் வந்த க்யூடி 6.5 முதல் அதையே இயல்பான பின்னணியாக வைத்திருக்கிறது. ஆகவே ஃபார்மட் விஷயத்தில் இவற்றுக்குள் உங்கள் முடிவை மாற்றும் அளவுக்கு வித்தியாசம் கிடையாது. வித்தியாசமெல்லாம் வேறு இடத்தில் இருக்கிறது. அந்த லைப்ரரி அடங்கிய டிஎல்எல் கோப்புகளை (ஆப் ஓடும்போது ஏற்றிக்கொள்ளும் நிரல் கோப்புகள்) பயனரின் வட்டில் வைத்தது யார், அவற்றில் ஓட்டை கண்டுபிடிக்கப்பட்டால் அடைப்பது யார், திரையில் படத்தை வரைவது யார் என்பதில்தான்.

## எதை வைத்து அளப்பது

நான் ஐந்து கேள்விகள் கேட்பேன்.

முதலாவது, இன்ஸ்டாலரோடு என்னென்ன கோப்புகள் போக வேண்டும்? ஒரு கோப்பா, ஒரு கோப்புறை முழுக்கச் செருகுநிரல்களா, ஒன்றுமே வேண்டாமா?

இரண்டாவது, படத்தின் மேல் நம் பட்டன்களை வரைய முடியுமா? இதை ஆரம்பத்தில் யாரும் கேட்பதில்லை. திட்டம் பாதி முடிந்தபின் வடிவமைப்பாளர் வந்து "வீடியோ மேல் ஒரு கண்ணாடிப் பட்டை வேண்டும்" என்று சொல்லும்போதுதான் தெரியும்.

மூன்றாவது, உரிமம். எல்ஜிபிஎல்லா (நிபந்தனைகளோடு மூடிய ஆப்பிலும் சேர்க்கலாம்), ஜிபிஎல்லா (சேர்த்து வெளியிட்டால் உங்கள் ஆப்பின் மூலநிரலையும் திறக்க வேண்டும்), காப்புரிமைத் தொகை கட்ட வேண்டி வருமா?

நான்காவது, பாதுகாப்புப் புதுப்பிப்பு. மீடியா கோப்பைப் பிரித்துப் படிக்கும் நிரல் என்பது முன்பின் தெரியாத இடத்திலிருந்து வரும் பைட்டுகளை வாங்கி உள்ளே விடுகிற நிரல். தாக்குபவர்களுக்கு அது பிடித்தமான வாசல். அந்தக் கோப்பை நீங்கள் கூட அனுப்பினால், வாசலைக் காக்கும் வேலையும் உங்களுடையது.

ஐந்தாவது, எவ்வளவு உள்ளே இறங்க வேண்டும்? ஓட்டு, நிறுத்து, தாண்டு போதுமா? ஒவ்வொரு ஃபிரேமையும் எடுத்து ஆராய வேண்டுமா?

## இயங்குதளமே தருவது

விண்டோஸில் இது மீடியா ஃபவுண்டேஷன், விஸ்டாவோடு வந்தது. மேக்ஓஎஸ்ஸில் ஏவிஃபவுண்டேஷன், 2011-ல் 10.7 பதிப்போடு வந்தது. இரண்டிலும் கூட அனுப்ப வேண்டிய கோப்பு எதுவும் இல்லை. வன்பொருள் டிகோடிங் ஒழுங்காகக் கிடைக்கும், மடிக்கணினியில் பேட்டரி மிச்சமாகும். பாதுகாப்புப் புதுப்பிப்பை இயங்குதள நிறுவனமே பார்த்துக்கொள்ளும். எச்.264 போன்றவற்றின் காப்புரிமைச் சுமையும் பெரும்பாலும் உங்கள் தோளில் விழாது.

அப்படியானால் ஏன் எல்லோரும் இதையே எடுப்பதில்லை? ஃபார்மட் உண்மையிலேயே இடிக்கிற ஒரே வழி இதுதான். ஏவிஃபவுண்டேஷன் எம்கேவி கோப்பைத் திறக்காது. விண்டோஸ் 10-ல் எச்.265 ஓட வேண்டுமானால், பல கணினிகளில் பயனர் ஸ்டோரிலிருந்து தனி நீட்சியை நிறுவியாக வேண்டும். அதை உங்கள் இன்ஸ்டாலர் செய்துவிட முடியாது.

இன்னொன்று, பலருக்குத் தெரியாமலே இருக்கும் குழி: விண்டோஸின் 'என்' பதிப்புகள். 2004-ல் ஐரோப்பிய ஆணையம் கொடுத்த தீர்ப்பின் விளைவாக, மீடியா வசதிகள் நீக்கப்பட்ட விண்டோஸ் தனிப் பதிப்பாக விற்கப்படுகிறது. அதில் மீடியா ஃபவுண்டேஷன் கிடையாது. உங்கள் ஆப் அதை நேரடியாக லிங்க் செய்திருந்தால், இரட்டைக் கிளிக் செய்த மறுகணம் "எம்எஃப்பிளாட் டிஎல்எல் காணவில்லை" என்ற பெட்டி வரும்; உங்கள் நிரலின் முதல் வரிகூட ஓடியிருக்காது. பயனர் இலவச மீடியா ஃபீச்சர் பேக்கை நிறுவினால் சரியாகிவிடும், ஆனால் அதை அவருக்குச் சொல்ல உங்கள் ஆப்பே திறக்கவில்லையே! இதற்கு மருந்து தாமத ஏற்றம். டிஎல்எல்லைத் தொடக்கத்தில் கேட்காமல், வீடியோ தேவைப்படும்போது மட்டும் ஏற்றுங்கள். அப்போது அது கணினியில் இல்லையென்று தெரிந்தால், பயனருக்குப் புரியும்படி ஒரு செய்தி காட்டுங்கள்.

லினக்ஸில் இதற்குச் சமமாக ஒரே ஒரு அதிகாரப்பூர்வ அமைப்பு கிடையாது. அங்குள்ள டெஸ்க்டாப் சூழல்களில் ஒன்றான க்னோம் பக்கம் அந்த இடத்தில் ஜிஸ்ட்ரீமர் இருக்கிறது.

ஓட்டப்போகும் கோப்புகளை நீங்களே தயாரிக்கிறீர்கள் என்றால் இந்த வழியை எடுங்கள். பயிற்சி வீடியோ, அறிமுகக் காட்சி, உதவிப் பக்கம் போன்றவை எல்லாம் எம்பி4-க்குள் எச்.264, ஏஏசி என்று நீங்களே முடிவுசெய்யக்கூடியவை. அதற்குப் போய் இன்ஸ்டாலரில் பல மெகாபைட்டுகளையும் ஒரு பாதுகாப்புப் பொறுப்பையும் சேர்ப்பது வீண்.

## லிப்விஎல்சி

1996-ல் பாரிஸின் எகோல் சென்ட்ரால் மாணவர் திட்டமாகத் தொடங்கிய விஎல்சியின் உள்ளே இருக்கும் இயந்திரம் இது. 2011 இறுதியில் இதன் மையப் பகுதி ஜிபிஎல்லிலிருந்து எல்ஜிபிஎல்லுக்கு மாறியது. வணிக மென்பொருள்கள் இதைத் தைரியமாகத் தொட ஆரம்பித்தது அதற்குப் பிறகுதான்.

இதன் பலம் பொறுமை. பாதி இறங்கிய கோப்பு, உடைந்த ஏவிஐ, விசித்திரமான ஐபி கேமரா ஸ்ட்ரீம் என எதைக் கொடுத்தாலும் முடிந்தவரை ஓட்டிக் காட்டும். சாளரத்தின் கைப்பிடியை (அந்தச் சாளரத்துக்கு இயங்குதளம் தரும் அடையாளம்) கொடுத்தால் அதற்குள் தானே வரைந்துகொள்ளும். டாட்நெட் உலகில் லிப்விஎல்சிஷார்ப் இருப்பதால், சி# எழுதுபவர்களுக்கு முதல் வீடியோ ஓட ஒரு மாலைப்பொழுது போதும்.

கூடப் போகும் கோப்புகள் மூன்று வகை: லிப்விஎல்சி டிஎல்எல், லிப்விஎல்சிகோர் டிஎல்எல், பிளகின்ஸ் என்ற கோப்புறை. அந்தக் கோப்புறைக்குள் நூற்றுக்கணக்கான சிறு டிஎல்எல்கள். இன்ஸ்டாலர் எழுதுபவர் முதல் இரண்டை மட்டும் எடுத்துப்போட்டு, கோப்புறையை மறந்துவிடுவது வழக்கமாக நடக்கிற கதை. அப்போது ஏற்றம் தோற்காது, டிஎல்எல் காணவில்லை என்ற செய்தியும் வராது; தொடக்க அழைப்பு வெறும் சூன்யத்தை (நல், அதாவது எதுவும் உருவாகவில்லை என்ற மதிப்பு) திருப்பித் தரும், அவ்வளவுதான். அந்தச் சூன்யத்தைச் சோதிக்காத நிரல் அடுத்த வரியில் விழும்.

வேண்டாத செருகுநிரல்களை நீக்கி அளவைக் குறைக்கலாம். செய்யும்போது உரிமத்தையும் பாருங்கள். மையப் பகுதி எல்ஜிபிஎல் ஆனாலும், செருகுநிரல்களில் சில இன்னும் ஜிபிஎல்தான். எக்ஸ்264 குறியாக்கி ஓர் உதாரணம். முழுக் கோப்புறையையும் அப்படியே தூக்கிப் போட்டால் அவையும் சேர்ந்தே போகும்.

இன்னும் இரண்டு இடறல்கள். விஎல்சி 3 வரிசையில், வீடியோ முடிந்தது என்று வரும் நிகழ்வு அழைப்புக்குள்ளிருந்தே நிறுத்து அழைப்பைக் கூப்பிட்டால் ஆப் அப்படியே உறைந்துவிடும். நிகழ்வைக் கையாளும் இழை (த்ரெட்) நிறுத்தத்துக்குக் காத்திருக்கும், நிறுத்தம் அந்த இழைக்குக் காத்திருக்கும். "அடுத்த பாட்டு" வசதி எழுதும் எல்லோரும் இயல்பாகச் செய்யப்போவது இதைத்தான் என்பதால் சொல்கிறேன்: வேலையை வேறு இழைக்குத் தள்ளிவிட்டு உடனே திரும்பிவிடுங்கள்.

இரண்டாவது, மேலே கேட்ட கண்ணாடிப் பட்டை. சாளரக் கைப்பிடி கொடுத்து வரையவிட்டால், விண்டோஸ் ஆப் திரைகளை வரையும் டபிள்யூபிஎஃப் போன்ற இடங்களில் அந்தப் பரப்பு உங்கள் பட்டன்களுக்கு மேலே உட்கார்ந்துகொள்ளும். மாற்றாக, ஃபிரேம்களை நினைவகத்தில் வாங்கி நாமே வரையலாம். கணக்கைப் பாருங்கள்: 1920 × 1080 படம், பிக்சலுக்கு 4 பைட் என்றால் ஒரு ஃபிரேம் சுமார் 8.3 மெகாபைட். நொடிக்கு 60 ஃபிரேம் என்றால் 500 மெகாபைட் அளவுக்கு நகல் எடுக்க வேண்டும். 4கே என்றால் அதுவே சுமார் 2 ஜிகாபைட். வன்பொருள் டிகோடிங்கில் கிடைத்த லாபம் இந்த நகலிலேயே கரைந்துவிடும்.

## லிப்எம்பிவி

எம்பிளேயர் குடும்பத்திலிருந்து 2012-ல் பிரிந்து வந்த எம்பிவியை மற்ற ஆப்புகளுக்குள் பொருத்தும் வடிவம். மேக்கில் ஐஐஎன்ஏ, க்னோமில் செல்லுலாய்ட் ஆகியவை இதன்மேல் கட்டப்பட்டவை.

எனக்குப் பிடித்தது இதுதான், காரணம் அதன் இடைமுகம். கட்டளை வரியில் எம்பிவிக்கு என்ன சொல்வீர்களோ அதையே சரமாக இங்கேயும் சொல்லலாம். ஓடிக்கொண்டிருக்கும் நேரம், ஒலி அளவு, வசனத் தடம் எல்லாம் பண்புகள். "இது மாறினால் சொல்லு" என்று பதிவுசெய்துவிட்டால் போதும். வசன வரிகளை லிப்ஆஸ் என்ற லைப்ரரி வரைவதால் நடையும் இடமும் பிசகாது. ஓபன்ஜிஎல் என்ற வரைகலை இடைமுகம் வழியாக நம் காட்சிக்குள்ளேயே வரையவிடலாம். பட்டன், பட்டை, அனிமேஷன் எல்லாம் மேலே தாராளமாக உட்காரும். லினக்ஸின் புதிய காட்சி அமைப்பான வேலண்டிலும் இந்த வழி வேலை செய்யும்.

விண்டோஸுக்குக் கிடைக்கும் ஆயத்தக் கட்டமைப்புகள் (மூலநிரலிலிருந்து ஏற்கெனவே தொகுத்து வைத்த கோப்புகள்) பொதுவாக ஒரே பெரிய டிஎல்எல்லாக இருக்கும். எஃப்எஃப்எம்பெக் அதற்குள்ளேயே கலந்திருக்கும். கோப்புறை மறந்துபோகும் பிரச்சினை இல்லை. ஆனால் இங்கேதான் உரிமம் இடிக்கிறது. எம்பிவி இயல்பாக ஜிபிஎல். கட்டமைக்கும்போது ஜிபிஎல் விருப்பத்தை அணைத்தால் எல்ஜிபிஎல் வடிவம் கிடைக்கும்; டிவிடி, ஆடியோ சிடி போன்ற சில உள்ளீடுகள் போய்விடும். அத்தோடு முடிவதில்லை: உள்ளே கலந்திருக்கும் எஃப்எஃப்எம்பெக்கும் ஜிபிஎல் இல்லாமல் கட்டப்பட்டிருக்க வேண்டும். மூடிய மூலத்தில் விற்கப்போகிறீர்கள் என்றால், இணையத்தில் கிடைத்த டிஎல்எல்லை எடுத்துப்போடாமல் நீங்களே கட்டமைப்பதே பாதுகாப்பு. அந்தக் கட்டமைப்பு வேலைதான் இந்த வழியின் உண்மையான செலவு.

க்யூடியோடு சேர்ப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. லினக்ஸில் க்யூடி ஆப் எழும்போதே பயனரின் மொழி அமைப்பை ஏற்றுக்கொள்ளும். லிப்எம்பிவியோ எண்களுக்கான மொழி அமைப்பு 'சி' என்று இருந்தால்தான் உருவாகச் சம்மதிக்கும். இல்லையென்றால் சூன்யத்தைத் தரும். தசமப் புள்ளிக்குப் பதில் காற்புள்ளி போடும் மொழிகளில் எண்ணைத் தவறாகப் படித்துவிடக்கூடாது என்பதற்கான காவல் அது. க்யூடி ஆப் பொருளை உருவாக்கியபின், எண் அமைப்பை மட்டும் 'சி'க்கு மாற்றி ஒரு வரி எழுதினால் தீர்ந்தது. முன்னால் எழுதினால் பயனில்லை, க்யூடி அதை மேலெழுதிவிடும்.

மேக்கை முதன்மையாக வைத்திருப்பவர்கள் இன்னொன்றையும் எடைபோட வேண்டும்: ஆப்பிள் 2018-லேயே ஓபன்ஜிஎல்லைக் கைவிடப்படும் பட்டியலில் சேர்த்துவிட்டது. இன்று ஓடுகிறது, அதன்மேல் பல ஆண்டுகளுக்கான திட்டம் போடுவது உங்கள் துணிச்சலைப் பொறுத்தது.

## ஜிஸ்ட்ரீமர்

வெறுமனே வீடியோ ஓட்ட மட்டும் என்றால் இது தேவைக்கு மிஞ்சியது. பிளேபின் என்ற ஒற்றை உறுப்பைப் போட்டு ஓட்டிவிடலாம்தான். ஆனால் ஜிலிப் உள்ளிட்ட சார்புகளின் பெரிய குவியல் கூட வரும். முதல் முறை திறக்கும்போது செருகுநிரல்களையெல்லாம் அலசிப் பதிவேடு தயாரிக்கும், அந்த ஒருமுறை தாமதம் பயனர் கண்ணில் படும்.

ஆனால் கேமராவிலிருந்து வாங்கி, ஒரு கிளையைத் திரைக்கும் இன்னொரு கிளையைக் கோப்புக்கும் மூன்றாவதை வலையமைப்புக்கும் அனுப்ப வேண்டுமென்றால், மற்ற எதையும் திரும்பிப் பார்க்காதீர்கள். அதற்காகவே பிறந்தது இது. 2012-ல் வந்த 1.0 முதல் இடைமுகம் நிலையாக இருக்கிறது என்பது, பத்து ஆண்டுகள் பராமரிக்க வேண்டிய மென்பொருளுக்குப் பெரிய நிம்மதி. செருகுநிரல்கள் குட், அக்ளி, பேட் என்று தனித்தனிக் கட்டுகளாக வருவதால் உரிமச் சிக்கல் உள்ளவை எந்தக் கட்டில் இருக்கின்றன என்பதும் தெளிவு. அக்ளி கட்டைத் தொடுமுன் ஒரு வழக்கறிஞரைக் கேளுங்கள்.

## நேரடியாக எஃப்எஃப்எம்பெக்

"எல்லாம் அதன்மேல்தான் நிற்கிறது என்றால், நேராக அதையே எடுத்துவிடலாமே?" நியாயமான கேள்வி. எஃப்எஃப்எம்பெக் உங்களுக்கு ஃபிரேமையும் ஒலி மாதிரிகளையும் அவற்றின் நேரமுத்திரைகளையும் தரும். எந்த ஃபிரேமை எப்போது காட்டுவது, ஒலியோடு படம் விலகினால் எதை விடுவது, தாண்டும்போது எந்தத் தாங்கியை (தற்காலிகச் சேமிப்பு) காலிசெய்வது, ஒலிக்கருவி பாதியில் பிடுங்கப்பட்டால் என்ன செய்வது என்பதெல்லாம் உங்கள் வேலை. லிப்விஎல்சியும் லிப்எம்பிவியும் பல ஆண்டுகளாகச் செதுக்கி வைத்திருப்பது இந்தப் பகுதியைத்தான். அதைத் திரும்ப எழுதுவது ஒரு வார வேலை என்று யாராவது திட்ட அட்டவணையில் போட்டால், அந்த வரியை உடனே அடித்துவிடுங்கள்.

இடைமுகமும் நகர்ந்துகொண்டே இருக்கும். பழைய டிகோடிங் அழைப்புகள் 2022-ல் வந்த 5.0 பதிப்பில் நீக்கப்பட்டன; ஒலித் தடங்களின் அமைப்பைச் சொல்லும் பழைய முறை 2024-ன் 7.0-ல் போய்விட்டது. லிப்ஏவிகோடெக்கின் பெயரிலேயே இருக்கும் எண் அதைத்தான் சொல்கிறது: 4 வரிசைக்கு 58, 5-க்கு 59, 6-க்கு 60, 7-க்கு 61. உபுண்டு 22.04-ல் இருப்பது 58, 24.04-ல் இருப்பது 60. முன்னதில் கட்டிய ஆப் பின்னதில் திறக்காது. உங்களுடைய கோப்பைக் கூடவே அனுப்ப வேண்டும், அல்லது ஒவ்வொரு வெளியீட்டுக்கும் தனியாகக் கட்ட வேண்டும்.

வீடியோ திருத்தி, சிறுபடம் தயாரிப்பு, ஃபிரேம் ஃபிரேமாகப் பகுப்பாய்வு போன்ற வேலைகளுக்கு இதுவே சரி. அங்கே நேர ஒத்திசைவுத் தலைவலி குறைவு, துல்லியம்தான் முக்கியம்.

பலரும் கவனிக்காத நல்ல செய்தி ஒன்றும் உண்டு. இணையத்தில் கிடைக்கும் எஃப்எஃப்எம்பெக் கட்டமைப்புகள் பல ஜிபிஎல் ஆவதற்கு முக்கியக் காரணம் உள்ளே எக்ஸ்264 சேர்க்கப்பட்டிருப்பது. எக்ஸ்264 குறியாக்கி, ஓட்டுவதற்கு அது வேண்டவே வேண்டாம். எச்.264 டிகோடர் லிப்ஏவிகோடெக்கிலேயே எல்ஜிபிஎல் உரிமத்தில் இருக்கிறது. ஓட்ட மட்டும் செய்யும் ஆப்புக்கு எல்ஜிபிஎல் கட்டமைப்பே போதும்.

## ஒரே பார்வையில்

| வழி | கூட அனுப்ப வேண்டியது | மறைமுகச் செலவு | யாருக்கு |
|---|---|---|---|
| இயங்குதளம் தருவது | எதுவும் இல்லை | தளத்துக்குத் தளம் தனி நிரல், 'என்' பதிப்பு, ஃபார்மட் வரம்பு | தன் வீடியோக்களைத் தானே தயாரிக்கும் ஆப் |
| லிப்விஎல்சி | இரண்டு டிஎல்எல், செருகுநிரல் கோப்புறை | அளவு. படத்தின் மேல் வரைவது. சில ஜிபிஎல் செருகுநிரல்கள் | எந்தக் கோப்பும் வரலாம் என்ற ஆப், டாட்நெட் குழுக்கள் |
| லிப்எம்பிவி | பெரும்பாலும் ஒரே பெரிய கோப்பு | எல்ஜிபிஎல் வேண்டுமானால் சொந்தக் கட்டமைப்பு; மேக்கில் ஓபன்ஜிஎல் | நேர்த்தியான பிளேயர், வசன வரிகள் முக்கியமான ஆப் |
| ஜிஸ்ட்ரீமர் | பல லைப்ரரிகள், செருகுநிரல்கள் | கற்க நேரம். முதல் திறப்பின் தாமதம் | கேமரா, பதிவு, ஸ்ட்ரீமிங் |
| எஃப்எஃப்எம்பெக் நேரடி | நான்கைந்து டிஎல்எல்கள் | ஒத்திசைவை நாமே எழுதுவது. மாறும் இடைமுகம் | திருத்தி, பகுப்பாய்வு |

குரோமியம் உலாவியின் மேல் டெஸ்க்டாப் ஆப் கட்டும் எலக்ட்ரானில் எழுதுபவர்கள் இந்தப் பட்டியலில் தங்களைத் தேட வேண்டாம். குரோமியத்தோடு வரும் எஃப்எஃப்எம்பெக் டிஎல்எல் ஏற்கெனவே உங்கள் கோப்புறையில் இருக்கிறது. இணையப் பக்கத்தில் ஓடுவதெல்லாம் ஓடும், மற்றவை ஓடாது. அது குரோமியத்துக்காகத் தனியாகக் கட்டப்பட்டது. பொதுவான எஃப்எஃப்எம்பெக் டிஎல்எல்லை அதன் இடத்தில் வைத்தால் ஆப் எழாது.

## கோப்பைக் கூட அனுப்புகிறவர்களுக்கு

முதல் வழியைத் தவிர மற்ற எதை எடுத்தாலும் சில கடமைகள் ஒட்டிக்கொள்ளும்.

டிஎல்எல்களை ஆப்பின் சொந்தக் கோப்புறையில் வையுங்கள். விண்டோஸின் சிஸ்டம் கோப்புறையில் போட்டால், வேறொரு ஆப் அதே பெயரில் வேறு பதிப்பைப் போடும் நாளில் இரண்டும் கெடும். லினக்ஸில் ஆப்பின் இருப்பிடத்தைச் சார்ந்த தேடல் பாதையை லிங்க் செய்யும்போதே பதியுங்கள். மேக்கில் ஒவ்வொரு டைலிப் கோப்பும் (டிஎல்எல்லுக்கு இணையானது) கையொப்பமிடப்பட வேண்டும், இல்லையென்றால் நோட்டரைசேஷன் என்ற ஆப்பிளின் சரிபார்ப்பைத் தாண்டாது. 64-பிட் ஆப்போடு 32-பிட் டிஎல்எல் கலந்துவிடாமல் பாருங்கள். காணாமல்போன டிஎல்எல்லைத் தனியாக இறக்கித் தரும் தளங்களுக்குப் பயனரை ஒருபோதும் அனுப்பாதீர்கள். அங்கே கிடைக்கும் கோப்பு யார் கட்டியது என்று யாருக்கும் தெரியாது.

எல்ஜிபிஎல்லுக்கு: டைனமிக் லிங்க், பயனர் அந்தக் கோப்பை மாற்றிக்கொள்ள வழி, நீங்கள் கட்டமைத்த அதே மூலநிரலைக் கிடைக்கச் செய்வது, 'பற்றி' பெட்டியில் அறிவிப்பு. டிஎல்எல்லின் பெயரை அடையாளம் தெரியாதபடி மாற்றுவதை எஃப்எஃப்எம்பெக் குழு வெளிப்படையாகவே வேண்டாம் என்கிறது. காப்புரிமை வேறு கணக்கு. எச்.264, எச்.265-க்கு நீங்கள் விற்கும் நாட்டையும் எண்ணிக்கையையும் பொறுத்துத் தொகை வரலாம். ஓப்பஸ், விபி9, ஏவி1 ஆகியவை தொகை கேட்காத உரிமத்தில் வெளியிடப்பட்டவை. எம்பி3-ன் உரிமத் திட்டம் 2017-லேயே முடிந்துவிட்டது.

கடைசியாகப் புதுப்பிப்பு. 2023 செப்டம்பரில் லிப்வெப்பி என்ற பட லைப்ரரியில் கடுமையான ஓட்டை வெளிவந்தது. அதைத் தனக்குள் வைத்திருந்த உலாவிகளும் எலக்ட்ரான் ஆப்புகளும் தனித்தனியாகப் புதுப் பதிப்பு வெளியிட வேண்டியிருந்தது. இயங்குதளம் தன் கோப்பைத் திருத்தினாலும், உங்கள் கோப்புறையில் கிடக்கும் நகல் அப்படியேதான் இருக்கும். ஆகவே முடிவெடுக்குமுன் குழுவில் ஒருவர் பெயரை எழுதிவையுங்கள்: இந்த லைப்ரரியின் பாதுகாப்பு அறிவிப்புகளைப் படிப்பவர், அறிவிப்பு வந்தால் புது இன்ஸ்டாலர் வெளியிடும் அதிகாரம் உள்ளவர். அப்படி ஒருவர் கிடைக்கவில்லையென்றால், ஃபார்மட் குறைந்தாலும் பரவாயில்லை, முதல் வழிக்கே போங்கள்.